ஏப்ரல் மாதத்து நாற்காலி

ஆவரங்குடி கீழத்தெருவில் நமச்சிவாயம் பிள்ளை வீட்டுப் பட்டகசாலைக் கூடத்தில் ஒரு நாற்காலி காலே இல்லாமல் தரைக்கு மேல் ஒன்றரை அடி உயரத்தில் நின்றுகொண்டிருந்த காலத்தில், வெளியூர்க்காரர்கள் வந்து வாயைப் பிளந்தார்களே தவிர, உள்ளூரில் முதலில் எழுந்த பேச்சு அதற்கு அடியில் பெருக்குவது எவ்வளவு சுலபம் என்பதுதான். விளக்குமாறு போன வேகத்தில் திரும்பி வரும், எதிலும் இடிக்காது, ஈரத்துணியைப் போட்டு இழுத்தால் ஒரே வீச்சில் இந்தச் சுவரிலிருந்து அந்தச் சுவருக்குப் போய்விடலாம். எங்கள் ஊர் அப்படி. மழை தரையிலிருந்து மேலே பெய்தால்கூட, குடத்தைக் கவிழ்த்துப் பிடிக்க வேண்டுமா என்றுதான் யோசிப்போம்.

அதைச் செய்தவர் பஸ் ஸ்டாண்டுக்குப் பின்னால் பட்டறை வைத்திருந்த அம்பலவாண ஆசாரி. கட்டில், கதவு நிலை, பள்ளிக்கூடத்துப் பெஞ்சு என்று கேட்டதைக் கேட்டபடி செய்து கொடுத்துக்கொண்டிருந்த மனுஷனுக்கு, அந்த வருஷம் தை பிறப்பதற்கு முன்னால், மதுரையில் அவர் ஒட்டுப்பலகை வாங்கும் கடையில் ஒரு வெளிநாட்டுக் காலண்டரைக் கொடுத்து அனுப்பினார்கள். மாதத்துக்கு ஒரு படம், படத்துக்கு ஒரு நாற்காலி, எல்லாமே உலகத்தில் பேர்போன நாற்காலிகள். ஆசாரி அதைப் பட்டறைச் சுவரில் மாட்டி, மூக்கு இடிக்கும் தூரத்தில் நின்று பார்த்துவிட்டு, "உக்காருததுக்குன்னே இத்தன பேரு உக்காந்து யோசிச்சிருக்கானுவ" என்றார். அன்றிலிருந்து அந்தந்த மாதத்து நாற்காலியை அந்தந்த மாதம் செய்துவிடுவது என்று வைராக்கியம் பிடித்துக்கொண்டது. படத்துக்குக் கீழே இருந்த இங்கிலீஷை வாசித்துச் சொன்னவர் ஹைஸ்கூல் வாத்தியார் ஜேசுவடியான்.

ஜனவரி மாதத்து நாற்காலி வியன்னாக்காரர்கள் நூற்றைம்பது வருஷத்துக்கு முன்னால் செய்தது. தோனெட் என்ற ஒருவர் மரத்தை ஆவியில் வேகவைத்து, கொடியை வளைப்பதுபோல வளைத்து, ஆறு துண்டு மரமும் பத்துத் திருகாணியுமாக நாற்காலியை முடித்துவிட்டார் என்று வாத்தியார் வாசித்தார். ஆவிக்கு எங்கே போவது? நமச்சிவாயம் பிள்ளையின் ரைஸ்மில்லில் நெல் அவிக்கிற கொப்பரை இருந்தது. ஆசாரி பூவரசங்கம்புகளைக் கட்டிக்கொண்டு போய் நெல்லோடு நெல்லாக அவித்தார். ஒடிந்ததெல்லாம் அடுப்புக்குப் போயிற்று, ஒடியாதது நாற்காலியாயிற்று. பஸ் ஸ்டாண்டு டீக்கடையில் அதைப் போட்டார்கள். உட்கார்ந்தவர்கள் புழுங்கலரிசி வாசம் அடிக்கிறது என்றார்கள், மற்றபடி குறை சொல்லவில்லை.

பிப்ரவரியில் ஜெர்மனிக்காரர்களின் குழாய் நாற்காலி வந்தது. அதற்குப் பின்னங்கால் கிடையாது. முன்னங்கால் இரண்டும் இறங்கி, தரையோடு பின்னால் ஓடி வளைந்து, அந்த வளைவின் பலத்தில் ஆளைத் தாங்கிவிடும். வெல்டிங் கடையில் குழாய் வளைத்து அதை ஆசாரி சலூனுக்குக் கொடுத்தார். முதல் நாள் உட்கார்ந்தவர்கள் பின்னால் சாய்ந்துவிடுவோமோ என்று முடிவெட்டுகிறவர் இடுப்பைப் பிடித்துக்கொண்டே முடிவெட்டிக்கொண்டார்கள். மார்ச் மாதத்தில் அமெரிக்கா. மேஜைக்கு அடியில் காலும் காலுமாகக் காடு மண்டிக்கிடப்பதைப் பார்த்து வெறுத்துப்போன ஒருவர் ஒற்றைத் தண்டின் மேல் பூ விரிந்தது போல் செய்த வெள்ளை நாற்காலி. ஆசாரி தண்டை மொசைக் சிமெண்டில் வார்த்ததில் அதை நகர்த்த நாலு பேர் வேண்டியிருந்தது, ஆகவே போட்டோ ஸ்டூடியோவில் ஒரே இடத்தில் போட்டுவிட்டார்கள்.

இந்த மூன்றையும் பார்த்த ஊர் சும்மா இருக்குமா. டீக்கடையில் கணக்குப் போட்டுவிட்டார்கள். முதல் மாதம் நாலு கால், அடுத்த மாதம் இரண்டு, அதற்கடுத்த மாதம் ஒன்று, வெள்ளைக்காரன் ஒரு முடிவோடுதான் போய்க்கொண்டிருக்கிறான், ஏப்ரலில் என்ன செய்வான் என்று பார்ப்போம் என்றார்கள்.

ஏப்ரல் பிறந்த மறுநாள் ஆசாரி ஒரு முக்காலிக்கு ஆணி போதாமல், சுவரில் மளிகைக்கடைத் தினக்காலண்டர் தொங்கிய ஆணியைப் பிடுங்கி அடித்துவிட்டார். அவர் மனைவி பகவதியம்மாளுக்கு ராகுகாலம், எமகண்டம் இல்லாத காலண்டர் காலண்டரே இல்லை. கீழே கிடந்த தினக்காலண்டரை எடுத்து, வெளிநாட்டுக் காலண்டரின் அடிப்பாகத்தின் மேலேயே வைத்து ஒரு சின்ன ஆணியை அடித்துவிட்டாள். அதில் வேலோடு நிற்கிற முருகன் படம். இப்போது ஏப்ரல் மாதத்து நாற்காலியில், முதுகும் இருக்கையும் ஒரே பலகையாக வளைந்து, நடுவில் உடுக்கைபோல இடுப்புச் சிறுத்து இறங்கியது தெரிந்தது; அதற்குக் கீழே முருகனுடைய கிரீடம் தொடங்கியது. படத்தின் அடியில் இருந்த இங்கிலீஷும் முருகனுக்குப் பின்னால் போய்விட்டது. ஜேசுவடியான் வாத்தியார் வேதக்காரர், அதாவது கிறிஸ்தவர், அடுத்தவர் சாமியைத் தூக்கிப் பார்ப்பது மரியாதையில்லை என்று இருந்துவிட்டார். ஆசாரிக்கோ சாமியைத் தூக்கிப் பார்க்கும் யோசனையே வரவில்லை. படத்தில் கால் இல்லை, ஊர்க்கணக்கிலும் கால் இல்லை, பிறகு என்ன சந்தேகம்.

மரத்தைத் தாள்தாளாகச் சீவி, பசை தடவி அடுக்கி, ரைஸ்மில் ஆவியில் காட்டி, அச்சுக்குள் வைத்து லாரி ஜாக்கியால் இறுக்கி, இரண்டு வாரம் போராடி அந்த வளைவைக் கொண்டுவந்துவிட்டார். உப்புத்தாள் போட்டு மெருகேற்றி, இரண்டு கையாலும் தூக்கி, படத்தில் இருந்த உயரத்துக்குப் பிடித்து, ரசமட்டத்தை வைத்துப் பார்த்தார். இடதுபக்கம் ஒரு நூல் தாழ்ந்திருந்தது. சரிசெய்தார். கையை எடுத்தார். நாற்காலி வைத்த இடத்தில் நின்றது. ஆசாரி கையைத் துடைத்துக்கொண்டு டீ குடிக்கப் போனார்.

டீக்கடையில் இருந்தவர்கள் வந்து ஒவ்வொருவராக உட்கார்ந்து பார்த்தார்கள்; நாற்காலி அமுங்கவில்லை, ஆடவில்லை. விரலால் தள்ளினால் படகு போலப் போயிற்று, படிக்கட்டு வந்தால் படியளவு ஏறிற்று, விட்டால் நின்றது. நாய் ஒன்று வந்து அதன் நிழலில் படுத்துக்கொண்டது. வெல்டிங் கடைக்காரர் மட்டும் தனக்கு இதில் ஒரு வேலையும் வைக்கவில்லையே என்று ஆசாரியிடம் கொஞ்ச நாள் பேசாமல் இருந்தார். தாலுகா ஆபீஸ் எஞ்சினியர் குடையை அடியில் விட்டுத் துழாவிப் பார்த்துவிட்டு, கட்டடமாக இருந்தால்தான் தன்னுடைய பொறுப்பு என்று சொல்லிப் போனார். முருகன் தாங்குகிறார் என்று சிலர் சொன்னார்கள். தாங்கினால் தாங்கட்டும், அவருக்கும் ஒரு வேலை வேண்டும்தானே என்று மற்றவர்கள் சொன்னார்கள். மரத்தை அவிக்க மில்லை விட்டதற்கு நன்றியாக ஆசாரி அந்த நாற்காலியைத் தெருவழியே தள்ளிக்கொண்டு போய் நமச்சிவாயம் பிள்ளை வீட்டில் சேர்த்தார்.

அந்த வீட்டைப் பற்றிச் சொல்ல வேண்டும். வாசலில் நின்றால் புறவாசல் கிணறு தெரிகிற நேர்வீடு. நடுவில் பட்டகசாலை, பட்டகசாலைக்கு நடுவில் பிள்ளையின் சாய்வு நாற்காலி. மில்லை மகன் சிதம்பரத்திடம் ஒப்படைத்த நாளிலிருந்து விடிந்ததும் அதில் சாய்ந்தால் இருட்டும்போதுதான் எழுந்திருப்பார். வீட்டில் எந்த மூலையும் அவர் பார்வைக்குத் தப்பாது. கோபக்காரரும் இல்லை; சத்தம் போட்டு யாரும் கேட்டதில்லை. கோபக்காரராக இருந்தால் ஒருநாளாவது சண்டை போட்டு முடிவு கண்டிருக்கலாம், பேசாத மனுஷனிடம் என்ன செய்வது.

மாமனார் இருக்கும்போது மருமகள் நாற்காலியில் உட்காருவதில்லை என்பது எங்கள் தெரு வழக்கம். யார் சொன்னது, எப்போது சொன்னது என்று யாருக்கும் தெரியாது, ஆனால் எல்லாருக்கும் தெரியும். சிதம்பரத்தின் மனைவி குழல்வாய்மொழி, வீட்டில் மொழி என்று கூப்பிடுவார்கள், கல்யாணமாகி வந்த புதிதில் அடுக்களை வாசலில் தரையில் உட்கார்ந்தாள். அரிசி புடைக்கவும் தரை, கீரை ஆயவும் தரை, குழந்தைக்குப் பால் கொடுக்கவும் தரை, மகளைக் கட்டிக்கொடுத்து மறுவீட்டுக்காரர்கள் வந்து சோபாவில் உட்கார்ந்து பேசியபோதும் அவளுக்குத் தரை. பிறகு முழங்கால் மடங்காமல் போயிற்று. உட்கார்ந்தால் எழுந்திருக்க இரண்டு பேர் கைகொடுக்க வேண்டியிருந்தது. அதனால் நிற்கத் தொடங்கினாள். நின்று காய் நறுக்கினாள், நின்று சாப்பிட்டாள், டி.வி. நாடகத்தைத் தூணில் தோள்சாய்த்து நின்றே பார்த்தாள். அவள் தோள்பட்ட இடத்தில் தூண் எண்ணெய் ஏறிக் கறுத்துப்போயிருந்தது.

தென்காசி டாக்டர் எக்ஸ்ரே படத்தை வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்துவிட்டு, "தரையில உக்காரக் கூடாது, நிக்கவும் கூடாது. இப்பிடியே நின்னுக்கிட்டிருந்தா ஒரு வருசத்துல நடையே போயிரும். வீட்டுல நாற்காலி இல்லையா?" என்றார்.

"நெறைய கெடக்கு" என்றாள் மொழி.

வரும் வழியில் பஸ்ஸில் சிதம்பரம் நல்லபடியாகத்தான் யோசித்தான். "அடுக்களைக்குள்ள ஒண்ணு போட்டு உக்காந்துக்கோயேன்."

"அடுக்களை மாமா கண்ணுக்கு நேரால்லா இருக்கு. நீங்க ஒரு வார்த்த அவ்வோட்ட சொல்லக் கூடாதா?"

"அப்பாட்டயா? எப்பிடிச் சொல்ல?" என்றவன் அதற்குமேல் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டான். மில்லில் முப்பது ஆளை அதட்டி வேலை வாங்குகிறவன்தான். அவனைக் குறை சொல்லி என்ன, எங்கள் தெருவில் எந்த மகனும் அதைச் சொல்லியிருக்க மாட்டான். அன்றிலிருந்து மொழி மத்தியானத்தில் புறவாசலில் துவைக்கிற கல்லில் போய் உட்கார்ந்துகொண்டாள், கல் சுட்டால் சாக்கை நனைத்துப் போட்டுக்கொண்டாள். நினைத்தால் எனக்கு இப்போதும் ஆத்திரமாக வருகிறது.

இந்த வீட்டுக்குத்தான் காலில்லாத நாற்காலி வந்து சேர்ந்தது. பிள்ளை அதை ஏற இறங்கப் பார்த்தார். "நல்லாத்தான் இருக்கு" என்றார். எதிர்ச்சுவர் ஓரமாக, வருகிறவர்கள் உட்காரட்டும் என்று நிறுத்தினார்கள். வருகிறவர்கள் பக்கத்தில் இருந்த பெஞ்சிலேயே உட்கார்ந்தார்கள், பட்டறையில் உட்கார்ந்து பார்த்தவர்களுக்குக்கூட அந்த வீட்டில் பிள்ளைக்கு முன்னால் அந்தரத்தில் உட்காரக் கூச்சமாக இருந்தது.

சித்திரையில் கோயில் கொடைக்குப் பிறந்த வீட்டுக்கு வந்தாள் பிள்ளையின் மகள் வடிவு. மகளுக்கு எந்த வழக்கமும் கிடையாது. அப்பாவின் சாய்வு நாற்காலிக் கையிலேயே உட்கார்ந்து முறுக்கு தின்பாள். தூணில் சாய்ந்து நின்று பூண்டு உரித்துக்கொண்டிருந்த மொழியைப் பார்த்து, "மதினி, நின்னே சாகப் போறியளா? இதுல உக்காருங்க" என்றாள்.

"நாற்காலில்லா?"

"இது எங்க தரையில இருக்கு? தரையத் தொட்டாத்தான இந்த வீட்டுல இருக்குன்னு அர்த்தம். வீட்டுல இல்லாத ஒண்ணுல உக்காந்தா அப்பாவுக்கு என்ன மரியாதக் கொறச்சல்?" வடிவு சத்தமாகத்தான் சொன்னாள். அப்பா பேப்பர் வாசித்துக்கொண்டிருந்தார்.

மொழி பேப்பரைப் பார்த்தாள். பேப்பர் அசையவில்லை. எதிர்ச்சுவருக்குப் போய், ஒரு கையால் சுவரைப் பிடித்துக்கொண்டு மெல்ல இறங்கி அந்த நாற்காலியில் உட்கார்ந்தாள். முழங்காலில் இருந்து ஏதோ ஒன்று கழன்று போனது மாதிரி இருந்தது, கண்ணில் நீர் வந்துவிட்டது, பூண்டு உரித்த கையால் துடைத்ததில் இன்னும் வந்தது. பிள்ளை பேப்பரின் அதே பக்கத்தை விளக்கு வைக்கும் நேரம் வரை வாசித்தார்.

அவர் ஒன்றும் சொல்லவில்லை என்ற செய்தி இரண்டு நாளில் தெருவெல்லாம் பரவியது. முதலில் மேலவீட்டு மருமகள் தயிருக்கு உறைமோர் வாங்க வந்தாள். மொழி உறைமோர் எடுக்க எழுந்து போன நேரத்தில் ஒரு நொடி அந்த நாற்காலியில் உட்கார்ந்து பார்த்தாள். அடுத்த நாள் மூன்று வீட்டு மருமகள்கள் உறைமோர் கேட்டு வந்தார்கள். அதற்கடுத்த வாரம் கீழத்தெருவில் உறைமோர் இருந்த வீடே கிடையாது, எல்லா வீட்டுத் தயிரும் நமச்சிவாயம் பிள்ளை வீட்டுத் தயிராகிவிட்டது, ஆண்கள் சாப்பிடும்போது என்ன, தயிர் ஒரே மாதிரி இருக்கிறதே என்று கேட்டார்கள். கர்ப்பிணி வந்தாள், மார்க்கெட்டில் அலைந்து கால் வீங்கினவள் வந்தாள், ஒன்றும் இல்லாதவளும் சும்மா உட்கார்ந்து பார்க்க வந்தாள். மொழி எழுந்து இடம் கொடுப்பாள், கொஞ்ச நேரம் கழித்து அவர்கள் எழுந்து அவளுக்கு இடம் கொடுப்பார்கள். பிள்ளை பேப்பருக்குப் பின்னாலேயே இருந்தார். அவர் பேப்பரை இறக்காத வரையில் அங்கே யாரும் உட்காரவில்லை என்றே எல்லாரும் வைத்துக்கொண்டார்கள்.

மே மாதம் பிறந்தது. ஆசாரி அடுத்த நாற்காலியைப் பார்ப்பதற்காகப் பகவதியம்மாளிடம் முருகனை இறக்கச் சொன்னார். தாளைத் திருப்புவதற்கு முன் ஏப்ரல் முழுசாகத் தெரிந்தது. இருக்கைக்குக் கீழே ஒல்லியாக மூன்று இரும்புக் கால்கள் இருந்தன. ஜேசுவடியான் வாத்தியார் ஓடிவந்து வாசித்தார்: டென்மார்க்கில் செய்தது, எறும்பு என்று பேர், மூன்று கால் போதும் என்று செய்தவர் பிடிவாதமாக நின்றிருக்கிறார், அவர் செத்த பிறகுதான் கம்பெனிக்காரர்கள் நாலாவது காலைச் சேர்த்தார்கள்.

"மூணா?" என்றார் ஆசாரி. ஊர்க்கணக்கே தப்பிப்போயிற்று. நாலு, இரண்டு, ஒன்று என்று வந்தவன் மறுபடியும் மூன்றுக்கு எதற்குப் போனான் என்று யாருக்கும் பிடிபடவில்லை. செய்தது தப்பு என்று தெரிந்துவிட்டது, இனி அது எப்படி நிற்கும். ஆசாரி செருப்பைக்கூட மாட்டாமல் கீழத்தெருவுக்கு ஓடினார். பட்டகசாலையில் மொழி அந்த நாற்காலியில் உட்கார்ந்து புளி கொட்டை எடுத்துக்கொண்டிருந்தாள். ஆசாரி விஷயத்தைச் சொல்லிவிட்டு நாற்காலியையே பார்த்துக்கொண்டு நின்றார். நாற்காலிக்கு அந்தச் செய்தி ஒன்றும் செய்யவில்லை, முன்பு நின்ற மாதிரியே நின்றது. ஆனால் ஆசாரிக்குத்தான் அதன்பிறகு காலில்லாமல் செய்ய வரவில்லை. இரண்டு தடவை முயன்று பார்த்தார், கையை எடுத்ததும் இரண்டும் தரையில் விழுந்தன.

மேலவீட்டு வேலாயுதம் இதைக் கேள்விப்பட்டார். அவர் வீட்டு மருமகள்தான் முதலில் உறைமோருக்கு வந்தவள். உட்கார்ந்து பழகிய முழங்கால் வீட்டுக்குத் திரும்பினாலும் மடங்கத்தான் பார்க்கும். அவள் ஒருநாள் மாமனார் எதிரிலேயே சோபா நுனியில் உட்கார்ந்து, அவர் பார்த்ததும் எழுந்திருக்காமல் கொஞ்ச நேரம் கழித்துத்தான் எழுந்தாள். அந்தக் கொஞ்ச நேரம் வேலாயுதத்தைத் தூங்கவிடவில்லை. தெருப் பெரியவர்கள் இரண்டு பேரைச் சேர்த்துக்கொண்டு, ஆசாரியையும் மூன்று இரும்புக் கால்களோடு வரச்சொல்லி, ஒரு சாயங்காலம் பிள்ளை வீட்டுக்கு வந்து பெஞ்சில் வரிசையாக உட்கார்ந்தார்கள். மொழி நாற்காலியை விட்டு எழுந்து அடுக்களைக்குள் போனாள்.

"அண்ணாச்சி, ஒரு வேலையத் தொடங்குனா முடிக்கணும்" என்றார் வேலாயுதம். "ஆசாரி அரைவேலையா விட்டுட்டான். படத்துல கால் இருக்கு. அதை வச்சிட்டம்னா இதுவும் மத்த நாற்காலி மாதிரி ஒரு நாற்காலி. தெருவுல ஒரு ஒழுங்கு வந்துரும். நாங்க வேற ஒண்ணும் சொல்லல்ல."

வேறு ஒன்றும் சொல்லவில்லைதான். சொல்லாமலே எல்லாருக்கும் புரிந்தது. அடுக்களையில் காப்பி கலந்துகொண்டிருந்த மொழிக்கும் புரிந்தது. கால் வைத்துவிட்டால் அது தரைக்கு வந்துவிடும், தரைக்கு வந்தால் வீட்டுக்கு வந்துவிடும், பிறகு அவளுக்குத் தூண், துவைக்கிற கல், ஒரு வருஷம் கழித்துக் கட்டில். அவள் அடுக்களை வாசலுக்கு வந்து மாமனார் முகத்தைப் பார்த்தாள். சிதம்பரம் மில்லிலிருந்து அப்போதுதான் வந்தவன், அப்பாவையும் பார்த்தான், அவளையும் பார்த்தான், தரையைப் பார்த்தான்.

"வச்சிருங்க" என்றார் பிள்ளை.

மொழி உள்ளே திரும்பினாள். தம்ளர்களில் சர்க்கரை போட்டாளா இல்லையா என்பது அவளுக்கே தெரியவில்லை.

ஆசாரி நாற்காலிக்கு அடியில் மல்லாக்கப் படுத்துக்கொண்டு, பஸ்ஸுக்கு அடியில் படுத்து வேலைபார்க்கிற மெக்கானிக் மாதிரி, மேலே பார்த்துத் துளைபோட்டார். மரத்தூள் அவர் கண்ணில் விழுந்தது. முதல் கால் ஏறியது, நாற்காலி அப்படியே நின்றது. இரண்டாவது காலும் ஏறியது. மூன்றாவது காலின் கடைசித் திருகாணியை இறுக்கியபோது லேசாக 'டக்' என்று சத்தம் கேட்டது. அவ்வளவுதான், நாற்காலி தன் கனத்தையெல்லாம் தரையில் இறக்கிவிட்டது. ஆசாரி வெளியே வந்து அதை ஆட்டிப் பார்த்தார். ஆடவில்லை. இருந்தாலும் அவருக்கு முகம் விழுந்துவிட்டது, அழப்போகிறவர் மாதிரி உளியைப் பையில் தேடிக்கொண்டிருந்தார்.

மொழி தட்டில் காப்பி கொண்டுவந்தாள். பெரியவர்களுக்குக் கொடுத்தாள், ஆசாரிக்குக் கொடுத்தாள், கடைசியில் மாமனாருக்கு. பிறகு தட்டோடு தூண் பக்கம் போய், கறுத்துக்கிடந்த இடத்தில் தோளைச் சாய்த்து நின்றாள். வேலாயுதம் நிம்மதியாகக் காப்பியை ஆற்றிக்கொண்டே, "முழங்கால் எப்பிடி இருக்கு, மருமவளே?" என்று பாசமாகக் கேட்டார்.

பிள்ளை காப்பியை ஒரு மடக்குக் குடித்தார். சர்க்கரை இல்லை. நிமிர்ந்து மருமகளைப் பார்த்தார். பேப்பர் அன்று அவர் கையில் இல்லை.

"ஏம்மா நிக்கே?" என்றார்.

தன்னிடம் கேட்கிற கேள்வி என்பதே மொழிக்கு முதலில் விளங்கவில்லை. "கால் வச்சாச்சுல்லா, மாமா."

"வச்சா என்ன? அரைவேலையா கெடக்குன்னாங்க, முடிக்கச் சொன்னேன்." பிள்ளை தம்ளரைக் கீழே வைத்தார். அவருக்கு உண்மையிலேயே புரியவில்லை என்பது குரலில் தெரிந்தது. "நான் எப்பமாவது உன்னைய உக்காராதன்னு சொல்லியிருக்கேனா?"

பெஞ்சில் இருந்தவர்கள் யோசித்துப் பார்த்தார்கள். சிதம்பரம் யோசித்துப் பார்த்தான். இல்லை, அவர் சொன்னதாக ஒருத்தருக்கும் ஞாபகமில்லை. அந்த வீட்டில் அப்படி ஒரு வார்த்தை யார் வாயிலிருந்தும் வந்ததேயில்லை.

"இல்ல, மாமா" என்றாள் மொழி. சத்தம் கூட்டவில்லை, குறைக்கவும் இல்லை. "உக்காருன்னும் சொல்லல்ல."

இப்போது மருமகள் தலையைக் குனிந்துகொண்டு உள்ளே போக வேண்டும், அதுதான் முறை, பெரியவர்கள் அதற்காகக் காப்பித் தம்ளரைப் பார்த்தபடி காத்திருந்தார்கள். மொழிக்குக் குனிந்து தட்டைக் கீழே வைக்க முடியாது. அதனால் அதை வேலாயுதத்திடம் நீட்டினாள். அவர் என்ன ஏது என்று தெரியாமல் கைநீட்டி வாங்கிக்கொண்டார். அவள் தூணை விட்டு, எல்லாரும் பார்த்திருக்க, பட்டகசாலையைக் குறுக்காகக் கடந்து, மாமனாருக்கு நேர் எதிரே, தரையில் மூன்று காலை ஊன்றி நின்ற நாற்காலியில் உட்கார்ந்தாள்.

"உக்காரு" என்றார் நமச்சிவாயம் பிள்ளை.

மொழி உட்கார்ந்துதான் இருந்தாள்.